நான் விளையாடாத பதினோரு வருடம்

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன்: நான் இங்கிலாந்துக்குப் போனதே இல்லை. பாஸ்போர்ட்கூட எடுத்ததில்லை. கோயமுத்தூரை விட்டு நான் அதிக தூரம் போனது கொல்கத்தாவுக்கு, ஒரு டோர்னமெண்டுக்காக. போன வேகத்தில் முதல் ஆட்டத்திலேயே தோற்று ரயிலேறினோம். இதை ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்றால், போன கார்த்திகையில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் உட்கார்ந்துகொண்டு, இங்கிலாந்தில் ஒரே கிளப்பில் பதினோரு வருடம் ஆடியவன் நான் என்று ஒரு டாக்டரிடம் சாதித்திருக்கிறேன். என் மனைவி சரோஜா பக்கத்தில் நின்று "ஆமாங்க" என்றிருக்கிறாள். அந்த ஒரு ஆமாங்க என் உயிருக்கே உலை வைக்கப் பார்த்தது.

என் பெயர் வேலுச்சாமி. வயது அறுபத்திரண்டு. ஒரு ஸ்பின்னிங் மில் டீமில் பதினான்கு வருடம் ஸ்டாப்பர் பேக் ஆடினேன். கோலுக்கு முன்னால் நின்று வருகிற பந்தையும் ஆளையும் மறிப்பவன் என்று வைத்துக்கொள்ளுங்கள். எனக்குப் பின்னால் கோல்கீப்பராக நின்றவர் அன்னூர் பழனிச்சாமி. அவருடைய தங்கையைத்தான் நான் கட்டினேன். ஆக அவர் எனக்கு மச்சான், நான் அவருக்கு மாப்பிள்ளை. இந்த உறவை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். எல்லாக் கோளாறும் இங்கிருந்துதான் வந்தது.

எழுதச் சொன்னவர் டாக்டர். எது நினைவில் இருக்கிறது, எது இல்லை என்று எழுதிப் பார்த்தால் தெரியும் என்றார். எழுதிப் பார்த்ததில் எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். பாதி நான் பார்த்தது, பாதி மற்றவர்கள் சொன்னது. எது எந்தப் பாதி என்று கேட்டால் இப்போதும் விழிப்பேன்.

அந்த இங்கிலாந்துக்காரரைப் பற்றி முதலில் சொல்ல வேண்டும். கேபிள் டிவி வந்த புதிதில் மில் மனமகிழ் மன்றத்தில் சனிக்கிழமை சாயங்காலம் இங்கிலாந்து ஆட்டம் போடுவார்கள். அதில் ஒருவர் என் இடத்தில் ஆடுவார். பெயர் வேண்டாம். சட்டை முதுகில் இருந்த எண்ணை வைத்து எங்கள் வீட்டில் அவர் அஞ்சாம் நம்பர்தான். என்னைப் போலவே அவருக்கும் ஓட்டம் போதாது, கால் வேலையும் சுமார்தான். தலை மட்டும் இரும்பு. எந்தப் பேப்பரில் அவரைப் பற்றி வந்தாலும் வெட்டி வைப்பேன். பதினாறு வயதில் சின்ன ஊர் டீமில் சேர்ந்து, பெரிய ஆட்டக்காரர்களின் பூட்ஸைத் துடைத்தது, பிறகு வடக்கே ஒரு பழைய மில் ஊருக்குப் போனது, அங்கே பதினோரு வருடம், கேப்டன் பதவி, இரண்டு முறை மூக்கு உடைந்தது, நெற்றியில் தையல் போட்டு அதன்மேல் கட்டுப் போட்டுக்கொண்டு மறுபடி இறங்கியது, கடைசியில் முழங்கால் போனது, எல்லாம் எனக்கு அத்துப்படி. அவர் ஓய்வு அறிவித்த அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. "யாருங்க செத்துப்போட்டாங்க?" என்று சரோஜா கேட்டாள்.

இனி நோய். ஐப்பசி மழையில் ஒரு நாள் மச்சான் தோட்டத்துக்குப் போயிருந்தேன். மோட்டார் ரூம் கதவு நிலை குள்ளம். குனிய மறந்து உச்சந்தலையில் ஒரு இடி. கண்ணில் பூச்சி பறந்தது. மச்சான் உள்ளே ஸ்டார்ட்டரைப் பார்த்துக்கொண்டிருந்தார். "ஏனுங்க மாப்ள, இடிச்சுக்கிட்டீங்களா?" என்றார். "இல்லீங்க மச்சான்" என்றேன். அவர் தோட்டத்தில் அவர் கதவில் இடித்துக்கொண்டேன் என்று சொன்னால் மனிதர் ஒரு வாரம் நொந்துபோவார். அதோடு அந்தக் காலத்துப் பழக்கமும் இருக்கிறது. அடிபட்டதைக் காட்டினால் கோச் வெளியே இழுத்துவிடுவார். நொண்டுவதைக் காட்டாமல் ஓடக் கற்றுக்கொண்ட கால் இது.

மூன்று நான்கு வாரம் ஒன்றுமில்லை. பிறகு தலைவலி வந்தது, காலையில் எழும்போதே. அப்புறம் இடது காலில் இருந்து செருப்பு கழன்று விழும், எனக்குத் தெரியாது. வெறுங்காலோடு மளிகைக் கடை வரை போய் நின்றிருக்கிறேன். ஒரு நாள் காலை ஏழு மணிக்கு ஷிப்டுக்கு நேரமாச்சு என்று கிளம்பிப் பழைய மில் கேட்டுக்கே போய்விட்டேன். மில் மூடி எத்தனையோ வருடம் ஆகிறது. அந்த இடத்தில் இப்போது அடுக்குமாடி வீடுகள். வாட்ச்மேன் யாரைப் பார்க்கணும் என்று கேட்டார். எனக்குச் சொல்லத் தெரியவில்லை. அந்தக் குழப்பம் எப்படி இருந்தது என்றால், வீட்டில் எல்லாச் சாமானையும் யாரோ ஒரு ஜாண் தள்ளி வைத்துவிட்ட மாதிரி. எல்லாம் இருக்கிறது, கை வைத்தால் அகப்படவில்லை.

தெருமுனை டாக்டரிடம் போனோம். எப்படி இருக்கீங்க என்று கேட்டார். "நல்லா இருக்கேனுங்க. நீங்க நல்லா இருக்கீங்களா?" என்றேன். நல்லா இருக்கிறவன் எதற்கு டாக்டரிடம் வருகிறான்? எங்கள் பக்கத்தில் அந்தக் கேள்விக்கு வேறு பதில் சொல்லி எங்களுக்குப் பழக்கமில்லை. அவர் பி.பி. பார்த்து, வாயு என்று மாத்திரை எழுதிக் கொடுத்தார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். நான் சொன்னால்தானே?

பெங்களூரில் இருக்கும் மகள் கவிதா அந்த வாரம் வந்தவள், நான் தேநீரில் உப்புப் போட்டுக் குடித்துவிட்டு நல்லா இருக்கு என்றதைப் பார்த்தாள். மறு பேச்சு பேசவில்லை. அவிநாசி ரோட்டில் இருக்கும் பெரிய ஆஸ்பத்திரிக்கு அன்றைக்கே ஏற்றிவிட்டாள். ஸ்கேன் ரூமுக்கு வெளியே இரும்பு நாற்காலியில் காத்திருந்தது நினைவிருக்கிறது. என் பக்கத்தில் இருந்தவர் தாராபுரத்துக்காரர், எண்ணெய் வியாபாரி. தன் தலைச்சுற்றலைப் பற்றி விலாவாரியாகச் சொன்னார். நான் என்னைப் பற்றி எதுவும் சொல்லவில்லை. மரியாதையாகக் கேட்டுக்கொண்டிருந்தேன்.

ஸ்கேனைக் காட்டி விளக்கியவர் ஒரு பெண் டாக்டர். சென்னைக்காரர். கண்ணாடி போட்டவர், குரல் தாழ்ந்தது. மண்டை ஓட்டுக்குக் கீழே மூளையைச் சுற்றி ஒரு கெட்டித் தோல் இருக்கிறது. அதற்கும் மூளைக்கும் நடுவே ஓடும் மெல்லிய ரத்தக்குழாய் ஒன்று அறுந்திருக்கிறது. மூடாத குழாய் சொட்டுகிற மாதிரி வாரக்கணக்கில் ரத்தம் கசிந்து, வலது பக்கம் தேங்கி, மூளையை அழுத்துகிறது. வலது மூளைதான் இடது கை காலை ஆட்டிவைக்கிறது. அதனால்தான் செருப்பு. அதனால்தான் உப்பும் மில் கேட்டும்.

"தலையில எங்கயாவது அடிபட்டுச்சா சார்?" என்று கேட்டார்.

மச்சான் என் எதிரில் நின்றுகொண்டிருந்தார். "இல்லீங்க" என்றேன்.

"அவரு ஃபுட்பாலருங்க," என்றாள் சரோஜா. "காலமெல்லாம் பந்தைத் தலையிலதான் முட்டுவாருங்க."

டாக்டர் அதைக் குறித்துக்கொண்டார். பந்து முட்டி முட்டி மூளைக்கு என்ன ஆகும் என்பது தனிக் கதை, அதை இன்னும் ஆராய்ந்துகொண்டிருக்கிறார்கள், ஆனால் இந்தக் கசிவு சமீபத்தில் பட்ட அடி மாதிரித்தான் தெரிகிறது என்றார். நான் ஸ்கேன் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

மறுநாள் காலை ஆபரேஷன். மண்டையில் இரண்டு சின்னத் துளை போட்டு, தேங்கிய ரத்தத்தை வடித்து, ஒரு குழாயும் பையும் வைத்தார்கள். பையில் இறங்கியது எஞ்சின் ஆயில் நிறத்தில் இருந்தது என்று கவிதா சொன்னாள். எனக்கோ கண் விழித்ததும் உலகமே பளிச்சென்று ஆகிவிட்டது. நாள், கிழமை, ஊர், பிரதமர் எல்லாம் கேட்டார்கள், எல்லாம் சொன்னேன். சரோஜா அழுதுவிட்டாள். மூன்றாம் நாள் குழாயை எடுத்தார்கள். கவிதா லீவு முடிந்து பெங்களூர் போனாள். போகும்போது அம்மாவிடம், "டாக்டர் கேட்டா எதையும் மறைக்காதம்மா" என்று சொல்லிவிட்டுத்தான் போனாள். என் மகள் எங்களை அறிந்தவள்.

நான்காம் நாளில் இருந்து எனக்குச் சரியாகத் தெரியாது. இனிமேல் சொல்வது சரோஜாவும் மச்சானும் சொன்னது. இருவரும் ஒரே மாதிரி சொல்வதில்லை. எனக்கு நினைவிருப்பதோ மூன்றாவது மாதிரி. ஜன்னலுக்கு வெளியே பஞ்சு பஞ்சாகப் பனி கொட்டிக்கொண்டிருந்தது என்று நினைவு. கோயமுத்தூரில் ஏது அந்த மாதிரிப் பனி?

டாக்டர் காலையில் ரவுண்ட்ஸ் வந்து, "சார் என்ன வேலை பாத்தீங்க?" என்று கேட்டாராம்.

"ஃபுட்பாலுங்க. இங்கிலாந்துல பதினோரு வருஷம் ஒரே கிளப்புங்க."

"அப்படியா! எந்த ஊரு?"

"வடக்கே ஒரு மில் ஊருங்க. எப்பப் பாத்தாலும் மழை. மூக்கு ரெண்டு தடவ ஒடஞ்சுபோச்சுங்க."

டாக்டர் சந்தேகத்தோடுதான் சரோஜாவைத் திரும்பிப் பார்த்திருக்கிறார். "உண்மையாம்மா?"

அவள் சிரித்துக்கொண்டே, "ஆமாங்க" என்றாள்.

பிறகு நான் சண்டை போட்டேன். "ஏன் அம்மணி அப்படிச் சொன்ன?" என்று கேட்டேன். "அத்தன பேரு முன்னால ஊட்டுக்காரரப் பொய் சொல்றாருன்னு சொல்லச் சொல்றீங்களா?" என்றாள். "மயக்க மருந்து வேகத்துல ஒளர்றீங்க, தெளிஞ்சா சரியாப் போயிரும்னு நெனச்சேனுங்க." மச்சானும் அப்படியே. அன்னூரில் இருந்து தினமும் பஸ் பிடித்து, இளநீரும் தூக்குப்போசியில் அரிசிம்பருப்புச் சோறும் கொண்டுவருவார். டாக்டர் அவரிடமும் கேட்டிருக்கிறார். "நல்லா ஆடுவாருங்க. மாப்ள மாதிரி ஆளு இல்லீங்க" என்று பட்டும் படாமல் சொல்லியிருக்கிறார். பெரியவர்கள் மூவர் ஒரே பேச்சாகப் பேசினால் டாக்டர் என்ன செய்வார்? நினைவு தெளிவாக இருக்கிறது என்று எழுதினார்.

நானும் சும்மா இருக்கவில்லை. என் இடது கை மறுபடி கனத்தது. இது என் சொந்த நினைவு, இதில் சந்தேகமில்லை. தம்ளரைப் பிடித்தால் நழுவியது. இரண்டு கையையும் நீட்டச் சொன்னபோது இடது கை தாழ்ந்தது. "ஊசி போட்ட கைங்க, வலிக்குதுங்க" என்று சொல்லிவிட்டுப் போர்வைக்குள் ஒளித்துக்கொண்டேன். ஆட்டத்தில் இருந்து என்னை வெளியே எடுத்துவிடுவார்கள் என்று பயந்தேன். எந்த ஆட்டம் என்று கேட்காதீர்கள். மடத்தனத்துக்கு ஒரு அளவு வேண்டாமா!

ஆறாம் நாள் காலை வீட்டுக்கு அனுப்புவதாக ஏற்பாடு. சரோஜா பையெல்லாம் கட்டிவிட்டாள். டிஸ்சார்ஜ் காகிதத்தில் கையெழுத்துப் போட வந்த டாக்டர், பேச்சுவாக்கில், "சார், நீங்க ஆடினதுல மறக்க முடியாத மேட்ச் எது?" என்று கேட்டார்.

"ஒரு ஃபைனலுங்க," என்றேன். "நல்ல மழைங்க. ரெண்டு டீமும் சமம். கடைசி நிமிஷம். ஒசரமா ஒரு பந்து வருதுங்க. நானும் கீப்பரும் மட்டும் நிக்கறோம். கீப்பர் எடுக்கறதா இருந்தா 'கீப்பர்'னு கத்தோணும். கத்துனா நான் வெலகிக்குவேன். கத்தலீன்னா நான் முட்டோணும். அவரு கத்தலீங்க."

"ஏன் கத்தலை?"

"எனக்குக் கண்ணாலம் ஆகி இருவது நாளுதானுங்க ஆச்சு. கீப்பரு என்ற சம்சாரத்தோட அண்ணன். புது மாப்பிள்ளையப் பாத்து எப்படிங்க கத்துவாரு? நானும் மச்சான் இருக்கறப்ப முந்திக்கிட்டுப் போகக் கூடாதுன்னு நின்னுட்டனுங்க. ரெண்டு பேரு நடுவால பந்து தரையில குத்தி உள்ள போயிருச்சுங்க."

டாக்டரின் பேனா நின்றது. "உங்க மனைவியோட அண்ணனா? இங்கிலாந்துலயா?"

மச்சான் தூக்குப்போசியைப் பிடித்தபடி நின்றிருந்தார். அது எங்கள் மில் ஃபைனல். முப்பத்தைந்து வருடமாக நாங்கள் இருவரும் ஒருவரிடம் ஒருவர் பேசாத ஆட்டம். பேசினால் யார் தப்பு என்று வரும். யார் தப்பு என்று வந்தால் உறவில் கசப்பு வரும். அதனால் அப்படி ஒரு ஆட்டமே நடக்காத மாதிரி எத்தனையோ பொங்கலுக்கும் நோம்பிக்கும் சேர்ந்து உட்கார்ந்து சாப்பிட்டிருக்கிறோம்.

சரோஜா வழக்கம்போல வாயைத் திறந்தாள். ஆமாங்க என்று சொல்லத்தான்.

"நீ சும்மா இரு சரசு," என்றார் மச்சான். தங்கையிடம் அப்படிக் குரலை உயர்த்தி அவர் பேசி நான் கேட்டதில்லை. பிறகு டாக்டரைப் பார்த்து, "மேடம், இவரு இங்கிலாந்துக்கே போனதில்லீங்க. அந்தக் கீப்பரு நான்தானுங்க. ரெண்டு மூணு நாளா மாப்ள ஒளறிட்டு இருக்கறாருங்க. மருவாதைக்குப் பாத்துட்டு நாங்க சொல்லாம உட்டுப்போட்டோம். அந்தக் கையப் பாருங்க. சோறு ஊட்டறப்ப நான் பாத்தனுங்க, அந்தக் கை எந்திரிக்கறதே இல்லீங்க" என்றார்.

டாக்டர் போர்வையை விலக்கினார். கையைத் தூக்கச் சொன்னார். நான் தூக்கினேன் என்றுதான் நினைத்தேன். குனிந்து பார்த்தால் அது மெத்தை மேலேயே கிடந்தது.

அப்புறம் எல்லாம் வேகமாக நடந்தது. ஸ்கேன் எடுத்தார்கள். வடித்த இடத்திலேயே மறுபடி ரத்தம், முன்னைவிட அதிகம். இப்படிச் சிலருக்குத் திரும்ப வருவது உண்டாம், அதைப் பார்க்கத்தான் தினமும் அத்தனை கேள்வி கேட்டார்களாம். நாங்களோ அந்தக் கேள்விகளைக் குசலம் விசாரிப்பு என்று நினைத்துப் பதில் சொல்லிக்கொண்டிருந்தோம். வீட்டுக்குப் போயிருந்தால் இரண்டு நாளில் நினைவே தப்பியிருக்கும் என்றார் டாக்டர். கோபமாகச் சொல்லவில்லை. எங்களைப் பார்த்தால் கோபம்கூட வராது போல.

ஆபரேஷன் தியேட்டருக்குத் தள்ளிக்கொண்டு போனார்கள். ஒரு பக்கம் சரோஜா, மறுபக்கம் மச்சான். மேலே விளக்குகள் ஒவ்வொன்றாகப் போய்க்கொண்டிருந்தன. திடீரென்று தலைக்குள் ஒரு சின்ன இடம் மட்டும் தெளிந்தது. இனி எழுந்திருக்க மாட்டேனோ என்று பயம் வந்தது. சொல்லாமல் செத்துப்போகக் கூடாது என்று தோன்றியது.

"மச்சான்," என்றேன். "உங்க மோட்டார் ரூம் நெலையில இடிச்சுக்கிட்டதுதானுங்க இது. அன்னைக்கு நீங்க கேட்டீங்க. இல்லீன்னு சொல்லிப்போட்டேன்."

அவர் முகம் எப்படிப் போனது என்று எனக்குத் தெரியவில்லை, படுத்திருந்தேன். தியேட்டர் கதவு வந்தது. இதற்குமேல் வரக் கூடாது என்று நர்ஸ் சொன்னார். நான் வலது கையால் மச்சான் சட்டையைப் பிடித்திருந்தேனாம், விடவில்லையாம்.

மச்சான் என் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தார். பிறகு வராந்தாவில் இருந்தவர்கள் எல்லாம் திரும்பிப் பார்க்கும்படி கத்தினார்: "கீப்பர்! உடுங்க மாப்ள! நான் பாத்துக்கறேன்!"

விட்டுவிட்டேன்.

இதெல்லாம் நடந்து நான்கு மாதம் ஆகிறது. கை வந்துவிட்டது, செருப்பும் காலிலேயே நிற்கிறது. மச்சான் மோட்டார் ரூம் நிலையை இடித்து உயர்த்திவிட்டார், இப்போது ஏணியோடு நிமிர்ந்து உள்ளே போகலாம். குழப்பம் மட்டும் முழுதாகப் போகவில்லை. சில காலைகளில் கண்ணாடி முன் நின்று மூக்கைத் தடவிப் பார்ப்பேன். அது நேராகத்தான் இருக்கிறது. ஆனாலும் உடைந்த வலி நினைவிருக்கிறது. என் புருவத்துத் தழும்பு உடுமலையில் ஆடியபோது பட்டதா, டிவியில் பார்த்ததா என்று சரோஜாவைக் கேட்டுத்தான் தெரிந்துகொள்கிறேன். ஓய்வு பெற்ற அந்த இங்கிலாந்துக்காரர் இப்போது எப்படி இருக்கிறாரோ என்றும் நினைத்துக்கொள்வேன். யாராவது கேட்டால் அவராவது உண்மையைச் சொல்ல வேண்டும்.

போன வாரம் டாக்டரைப் பார்க்கப் போனோம்.

"எப்படி இருக்கீங்க சார்?"

நாக்கு நுனி வரை வந்த நல்லா இருக்கேனுங்கவை விழுங்கினேன். யோசித்து, நேர்மையாக, "எப்பவாச்சும் லேசாத் தலை வலிக்குதுங்க. மத்தபடி ஒண்ணும் இல்லீங்க" என்றேன். எனக்கே என்னை நினைத்துப் பெருமையாக இருந்தது.

டாக்டர் எழுதிக்கொண்டே சரோஜாவைப் பார்த்தார். "உண்மையாம்மா?"

கல்யாணமாகி இத்தனை வருடத்தில் வெளி ஆள் முன்னால் என் பேச்சை மறுத்து அவள் ஒரு வார்த்தை சொன்னதில்லை. முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டாள். என்னைப் பார்க்கவே இல்லை.

"இல்லீங்க," என்றாள். "தெனமும் வலிக்குதுங்க."